ஐம்பத்தெட்டா, எண்பதா?

தெரியாததைத் தெரியாது என்று சொல்லும் பழக்கம் எனக்கு முப்பத்திரண்டு வயதில்தான் வந்தது. கொடுமை என்னவென்றால், அதற்கு முன்பே என் அக்கா வீட்டுக்காரர் மேனாம்பேட்டில் டிபன் கடை திறந்துவிட்டார்.

மாமா பதினெட்டு வருஷம் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் லேத் ஓட்டியவர். வேலையை விட்டுவிட்டு, இருந்ததையெல்லாம் கடையில் போட்டிருந்தார். பக்கத்துக் கம்பெனி சூப்பர்வைசர் திறப்பு நாளன்று பதின்மூன்று ஆட்களோடு வருவதாகச் சொல்லியிருந்தார். பிடித்துப்போனால் அந்தக் கம்பெனிக்கே தினமும் காலை டிபன் எங்கள் கடையிலிருந்துதான்.

"பில் பிரிண்டரை நான் பாத்துக்கறேன் மாமா" என்றேன். (ஆபீசில் என் வேலை டைப் அடிப்பது. அதை யார் கேட்டார்கள்?) பிரிண்டரைக் கம்ப்யூட்டரோடு சேர்த்து வைக்கும் டிரைவர் சாப்ட்வேர் நெட்டில் இரண்டு கிடைத்தது. ஒன்றின் பெயரில் 58, இன்னொன்றில் 80. 58 பழசு, 80 புதுசு என்று நானே முடிவு கட்டிப் புதுசை ஏற்றினேன். உண்மையில் அந்த எண் பேப்பரின் அகலம், மில்லிமீட்டர் கணக்கு. எங்களுடையது ஐம்பத்தெட்டு.

சோதனைக்கு அடித்த முதல் பில்லை மாமா படிக்கவே இல்லை. மஞ்சள் குங்குமம் வைத்து, சாமி படத்தில் சொருகி, கற்பூரம் காட்டினார். நானும் பக்தியோடு கன்னத்தில் போட்டுக்கொண்டேன். வலது ஓரம் வெட்டுப்பட்டிருந்ததை ஒருவரும் கவனிக்கவில்லை. எண்ணிக்கை வரும் இடமே அதுதான்.

"இனிமே யாரும் உள்ள பாத்து கத்தக் கூடாது, ஆர்டர் எல்லாம் பிரிண்டர் சீட்டுல வரும்" என்று சட்டம் போட்டதும் நான்தான்.

சூப்பர்வைசர் ஆட்களோடு வந்து உட்கார்ந்தார். பதினான்கு மசால் தோசைக்குச் சீட்டு அனுப்பினேன். ஒரே ஒரு தோசை வந்தது. மறுபடி அனுப்பினேன். இன்னொன்று வந்தது.

அடுப்படியிலிருந்து தோசை மாஸ்டர் எட்டிப் பார்த்தார். "இன்னா நைனா, தோசைன்னு மட்டும் கீது. எத்தினின்னு ஜோசியமா பாக்கறது?"

"வாயால சொல்லேன்டா!" என்று அக்கா கத்தினாள்.

"இரு அக்கா, ரீஸ்டார்ட் பண்ணா சரியாயிடும்."

அந்தக் கிழட்டுக் கம்ப்யூட்டர் அணைந்து எழுவதற்குள் கால் மணி போய்விட்டது. அக்கா பொறுக்காமல் எண்ணிக்கை சொல்ல உள்ளே ஓடினாள். கல்லில் ஒரு தடவைக்கு நாலு தோசைதான் ஊற்ற முடியும். எல்லோருக்கும் வருவதற்குள் ஷிப்ட் சங்கு ஊதிவிட்டது.

"தப்பா நெனைக்காதீங்கண்ணே, தினமும் இப்படின்னா ஆளுங்க பட்டினியா மெஷின்ல நிக்க முடியாது" என்று மாமாவிடம் சொல்லிவிட்டு சூப்பர்வைசர் எழுந்து போனார். மறுநாள் எதிர்க்கடையில் சாப்பிட்டார்கள்.

கடை எட்டு மாதம் ஓடியது. மாமா திரும்பவும் லேத்துக்கே போனார், இந்த முறை கான்ட்ராக்ட் ஆளாக. நான் மட்டும் காரணமில்லை என்று எல்லோரும் சொல்கிறார்கள். சொல்லும்போது யாரும் என் முகத்தைப் பார்ப்பதில்லை.

இன்றும் நான் சாப்பிட உட்கார்ந்தால், "எத்தினின்னு சீட்டுல வரலியே" என்று ஒரு தோசையோடு நிறுத்திவிடுவார்கள். இந்தக் கேலியை ஆரம்பித்ததே மாமாதான். போன பொங்கலுக்கும் சொன்னார், பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவரும் சிரித்துக்கொண்டே எழுந்து கை கழுவப் போனார். அவர் தட்டில் வைத்தது அப்படியே இருந்தது.