கன்று தின்ற கடைசி ஏடு

அன்னூர்,
வெள்ளிக்கிழமை காலை.

பெருந்துறையில் புதுவீடு புகுந்திருக்கும் மச்சினர் வேங்கடசாமி அவர்களுக்கு, உங்கள் அக்காள் புருஷன் பாலுசாமி மரியாதையுடன் எழுதுவது.

இங்கே நானும் எருமையும் சௌக்கியம். அங்கே நீங்களும் குடும்பத்தாரும் சௌக்கியமாக இருக்க அவிநாசியப்பர் துணையிருக்கட்டும். உங்கள் அக்காள் ராசாத்தாளின் சௌக்கியத்தை நான் விசாரிக்கவில்லை. மூன்றாம் மாடி பால்கனியில் நின்று பஜ்ஜி தின்பதை அவளே வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போட்டிருக்கிறாள். பார்த்தேன்.

விஷயம் அதுவல்ல. உங்கள் கிரகப்பிரவேசத்தில் எனக்கு நேர்ந்த இழப்பைப் பற்றி நீங்கள் இதுவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஆகவே முதலிலிருந்து எழுதுகிறேன். எங்கள் மாட்டுக்கொட்டகைப் பரணில் எனக்குக் கிடைத்த ஓலைச்சுவடி, ஈரேழு உலகங்களும் தமக்குள் சச்சரவில்லாமல் இசைந்திருப்பது எப்படி என்று சொல்வது. அந்தப் பழைய எழுத்தை எனக்கு யாரும் கற்றுத்தரவில்லை. பூதக்கண்ணாடி வைத்து நானே படித்துக்கொண்டேன். புரியாத இடங்களில் என்ன இருந்தால் பொருந்தும் என்று யோசித்து அதையே வைத்துக்கொண்டேன். கோவையில் ஒரு பேராசிரியரிடம் காட்டினேன். "ஐயா, இதுல பாதி எழுத்தே இல்லீங்க, பூச்சி அரிச்ச தடமுங்க" என்றார். பூச்சிக்கும் ஓர் உலகம் உண்டு என்பது அவருக்குத் தெரியவில்லை.

இனி உங்கள் வீட்டு விசேஷம். மூன்றாம் மாடி என்பதால் மாடு வேண்டாம், படம் வைத்துக் கும்பிட்டால் போதும் என்றீர்கள். மாடு நுழையாத வீட்டில் நம் பக்கத்தில் யார் பால் காய்ச்சியிருக்கிறார்கள்? ஆகவே உங்கள் வாட்ச்மேன் லட்சுமணசாமியின் கன்றை நானே கேட்டு வாங்கி லிப்டில் ஏற்றினேன். குடியிருப்போர் சங்கச் செயலாளர் தமிழ்வேந்தன் குறுக்கே வந்து, "பெரியவரே, லிப்டு ஆளுகளுக்குங்க" என்றார். "எத்தனை கிலோ தாங்கும்னு எழுதியிருக்குது. மாடு கூடாதுன்னு எங்கீங்க எழுதியிருக்குது?" என்று கேட்டேன். அவர் அதைத் தேட ஆரம்பித்தார். நான், சீர்த்தட்டுடன் ராசாத்தாள், கன்று, மூவரும் ஏறினோம். இரண்டாம் மாடிக்கும் மூன்றாம் மாடிக்கும் நடுவில் லிப்ட் நின்றுவிட்டது. "ஏனுங்க, அந்தச் செவப்புப் பொத்தானை அமுத்துங்க" என்றாள் ராசாத்தாள். நான் அமுத்தவில்லை. மேலும் இல்லை, கீழும் இல்லை. சுவடியின் கடைசி ஏட்டை ஓதுவதற்கு இதைவிடப் பொருத்தமான இடம் பதினான்கு உலகத்திலும் கிடையாது என்று பையிலிருந்து ஏட்டை எடுத்தேன். "ஓலையை உள்ற வெய்யுங்க, கன்னுக்குட்டி பாத்துட்டே இருக்குது" என்றாள். "இதெல்லாம் உனக்குப் புரியாது" என்றேன். முதல் வரியைக்கூட முடிக்கவில்லை. கன்று ஏட்டைக் கவ்வி மென்றுவிட்டது. "எனக்குப் புரிய வேண்டாமுங்க, கன்னுக்குப் புரிஞ்சுபோச்சு" என்றாள் ராசாத்தாள்.

நான் கன்றின் வாய்க்குள் கையை விட்டு இழுத்துக்கொண்டிருந்தபோது லிப்ட் நகர்ந்து கதவு திறந்தது. உங்கள் சம்பந்தி வீட்டார் உட்பட அத்தனை பேரும் வாசலில் நின்றார்கள். அவர்கள் முன்னால் உங்கள் அக்காள் சிரித்தாள். அதுவும் சீர்த்தட்டைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள். நல்ல நேரம் போனதற்கும் பால் காய்ச்சத் தாமதமானதற்கும் காரணம் இவள்தான், தட்டை நீட்டிக் கன்றை மறித்திருக்கலாம் என்று நான் உள்ளதைச் சொன்னேன். சிரிப்பு நின்றது. "உங்களுக்கு நான் பெருசா, அந்த ஓலை பெருசா? இப்பச் சொல்லிப்போடுங்க" என்றாள். ஆராய்ந்து சொல்கிறேன் என்றேன். பதினான்கு உலகம் சம்பந்தப்பட்ட ஒன்றை நின்ற நிலையில் சொல்ல முடியுமா? "அப்ப ஆராஞ்சு முடியற மட்டும் நான் தம்பி ஊட்டுலயே இருந்துக்கறேனுங்க" என்று உள்ளே போய்விட்டாள். நீங்களும் தடுக்கவில்லை. பாயாசம் பரிமாறிக்கொண்டிருந்தீர்கள்.

அவள் இல்லாமல் எனக்கு ஒரு சிரமமும் இல்லை என்பதை இதன்மூலம் தெரிவிக்கிறேன். அரிசிம்பருப்பு சாதம் நானே ஆக்கினேன். மீந்ததை எருமைக்கு வைத்தேன். அது சட்டியைப் பார்த்தது, பிறகு என்னைப் பார்த்தது, பிறகு திரும்பிப் படுத்துக்கொண்டது. அவள் கை பட்டால்தான் பால் விடுவேன் என்று அதற்கும் ஒரு பிடிவாதம். ஆகவே அவள் பழைய சேலையைச் சுற்றிக்கொண்டு கறக்கப் போனேன். எருமை ஏமாறவில்லை. பக்கத்துத் தோட்டத்துக்காரர்தான் ஏமாந்து, "அம்மணி, எப்ப வந்தீங்க?" என்று வேலியோரம் நின்று விசாரித்தார். நான் முந்தானையை இழுத்து முக்காடு போட்டுக்கொண்டேன்.

நான் பெருந்துறைக்கு வருவதாக இல்லை. பிரிந்துபோனவர்தான் திரும்பி வரவேண்டும் என்று நான்காம் ஏட்டில் இருக்கிறது. பூச்சி அரித்த இடம்தான். ஆனாலும் தெளிவாக இருக்கிறது. ஏடு தின்ற கன்றைச் சரியாகக் கட்டிவைக்காததற்கு நீங்கள் வருத்தம் தெரிவித்து எழுதினால், மேற்கொண்டு பேசுவதைப் பற்றி யோசிப்பேன்.

உங்கள் புதுவீட்டில் பால் பொங்கியதுபோல் எல்லாம் பொங்கட்டும். லிப்ட் மட்டும் நிற்காமல் ஓடட்டும். குழந்தைகளுக்கு என் ஆசீர்வாதம்.

இப்படிக்கு,
தன் பேச்சில் மாறாத,
பாலுசாமி

பின்குறிப்பு: தபாலில் போட்டால் திங்கட்கிழமைதான் சேரும் என்றார்கள். ஆகவே இதை நானே எடுத்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டேன். கீழே பார்க்கிங்கில் உட்கார்ந்து இந்த நாலு வரியைச் சேர்த்து லட்சுமணசாமியிடம் கொடுத்தனுப்புகிறேன். அவள் கேட்டதை ஆராய்ந்து முடித்துவிட்டேன் என்று சொல்லுங்கள். முழங்கால் வலியோடு படி இறங்க வேண்டாம், லிப்டிலேயே வரட்டும். சுவடியின் மீதி ஏடுகளையெல்லாம் மஞ்சள் பையில் கொண்டுவந்திருக்கிறேன். அவள் கண்ணெதிரில்தான் கன்றுக்குப் போடவேண்டும் என்று இருக்கிறேன். ஆனால் கன்று இப்போதே பையை முகர ஆரம்பித்துவிட்டது. சீக்கிரம் வரச் சொல்லுங்கள்.