நாகல் நகர் சாமுராய் டீச்சர்

திண்டுக்கல்லில் சாமுராய் டீச்சருக்குப் பயப்படாத ஆள் ஒருவர் இருந்தால், அவர் அன்று காலை ரயிலில்தான் வந்து இறங்கியிருப்பார். சாயங்காலத்துக்குள் டீச்சர் அவரையும் பிடித்து, மார்பில் கவசம் மாட்டி, கையில் மரக்கத்தியைக் கொடுத்து, "முதுக நிமித்துலே!" என்று ஒரு அதட்டல் போட்டிருப்பார். அதற்குப் பிறகு அவரும் நம்மில் ஒருவர்.

டீச்சருடைய சொந்தப் பெயர் வாக்காளர் அட்டையில் இருக்கலாம். தெருவில் யாருக்கும் அது தேவைப்பட்டதில்லை. பள்ளிக்கூடத்தில் பி.டி. டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். வேலை போனாலும் கழுத்து விசில் போகவில்லை. நான் அவர் வீட்டுக் கீழ்ப் போர்ஷனில் குடியிருப்பவன். ஆகவே நான் சொல்வதெல்லாம் கண்ணால் கண்டது, அல்லது தலைக்கு மேலே தொம்மென்று விழுந்தது.

எல்லாம் மகளுடைய பிரசவத்தில் ஆரம்பித்தது. மகளும் மருமகனும் ஜப்பானில், கியோட்டோவில் இருந்தார்கள். பூண்டு, சுக்கு, கருப்பட்டி எல்லாம் கட்டிக்கொண்டு, கணவரையும் கூட்டிக்கொண்டு டீச்சர் விமானம் ஏறினார். பிள்ளை பிறந்து எல்லாம் நல்லபடியாக முடிந்தபின், ஊர் திரும்புவதற்கு முன்னால் மருமகன் ஓர் இடத்துக்கு அழைத்துப் போனார். வெளியூர்ப் பயணிகளுக்குச் சாமுராய் உடுப்பை மாட்டிவிட்டு, கத்தி பிடிக்கச் சொல்லிக்கொடுத்து, நிஞ்சா மாதிரி பலகையில் கூர்முனை நட்சத்திரத் தகடு எறியவிடுகிற இடம் அது. டீச்சர் முதல்முறை எறிந்ததே நட்டநடுவில் போய்க் குத்தி நின்றது. சொல்லிக்கொடுத்த ஆள் ஓடிவந்து இடுப்பை வளைத்து வணக்கம் வைத்தார்.

"இத்தன வருசம் பி.டி. டீச்சரா இருந்தேன் தம்பி," என்று ஊருக்கு வந்ததும் என்னிடம் சொன்னார். "மழை வந்தா என் பீரியட கணக்கு வாத்தியாருக்குக் குடுத்துருவாங்க. வெயில் அடிச்சா சயின்ஸ் டீச்சருக்குக் குடுத்துருவாங்க. ஒருத்தன் என்னைய மதிச்சதில்ல. அந்தச் சப்பான்காரப் பய அம்புட்டுத் தூரம் குனிஞ்சான் பாருங்க! அன்னைக்கே முடிவு பண்ணிட்டேன்."

முடிவு, மறுமாதமே வாசலில் போர்டாக வந்து நின்றது: 'சாமுராய் – நிஞ்சா அனுபவம். பயணிகள் வரவேற்கப்படுகிறார்கள். கூச்சப்படுகிறவர்கள் கட்டாயம் வரவும்.' கொடைக்கானல் போகிறவர்கள், பழனி போகிறவர்கள், ரயில் மாறக் காத்திருப்பவர்கள் எல்லாரையும் ஆட்டோக்காரர்கள் ஏற்றிக்கொண்டு வந்து எங்கள் வாசலில் தள்ளினார்கள்.

கவசத்துக்கு ஜப்பான்வரை போகவேண்டியிருக்கவில்லை. பேகம்பூரில் ஆட்டோ சீட்டு தைக்கிற பாய் இருந்தார். ரெக்ஸினையும் பஞ்சையும் வைத்து அவர்தான் தைத்தார். அளவு கொடுக்கும்போது நானும் பக்கத்தில் இருந்தேன்.

"பாய், இது சீட்டு இல்ல. சாமுராயோட நெஞ்சு."

"எதுவா இருந்தா என்ன டீச்சர், தையல் ஒண்ணுதான். ரெட்டைத் தையல் போட்டுர்றேன். எத்தன பேரு உக்காந்தாலும் பிரியாது."

உள்ளே போடுகிற தொளதொளத்த கால்சட்டைக்குச் சின்னாளபட்டிச் சுங்குடித் துணி. எதிர்வீட்டுப் பைப்புக் கடைக்காரருக்கு அதைப் பார்த்துச் சிரிப்புத் தாங்கவில்லை.

"என்னங்க டீச்சர், புள்ளி வெச்ச சாமுராயா? ஒரிஜினல் சப்பான்காரன் பாத்தா நாண்டுக்கிட்டுச் சாவான்."

"அங்கன புள்ளி வெச்சா கிமோனோங்குறீங்க, சின்னாளபட்டியில வெச்சா மட்டும் இளக்காரமா? ஊர் பூராம் பர்கர் திங்கிது, அதப் பாத்து எந்த அமெரிக்காக்காரனும் நாண்டுக்கல. போயி பைப்ப வில்லுங்க!"

மாடியில் நடந்ததைச் சொல்லவேண்டும். தரை முழுக்கக் கடலைத்தோலைப் பரப்பி, அதன்மேல் சத்தமில்லாமல் நடக்கவேண்டும். அதுதான் நிஞ்சா நடை. சரக் என்று சத்தம் வந்தால் விசில். எங்கள் தெருப் பெண்களில் பாதிப் பேர் அதில் தேர்ச்சி பெற்றார்கள். மாமியார் தூக்கம் கலையாமல் டிவி ரிமோட்டை எடுக்க உதவுகிறது என்று கேள்வி. நட்சத்திரங்கள் பழைய ரப்பர் பாயில் வெட்டியவை. ஒருநாள் ஒன்று மாடியிலிருந்து பறந்துவந்து, முற்றத்து அடுப்பில் கொதித்த எங்கள் குழம்பில் விழுந்தது.

"டீச்சர், உங்க நட்சத்திரம் எங்க குழம்புல கெடக்கு!" என்று என் மனைவி கத்தினாள்.

"கழுவி மேல எறிஞ்சிரும்மா, அடுத்த பேட்ச் வந்துருச்சு!" என்று மேலிருந்து பதில் வந்தது.

இந்த ஏற்பாட்டில் எதிரி வேண்டுமே? அது டீச்சருடைய கணவர். தபால் அலுவலகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற மனிதர். நாங்கள் போஸ்ட்மாஸ்டர் என்போம். குரல் உயர்த்திப் பேசி யாரும் கேட்டதில்லை. அவர் கறுப்புத் துணியை முகத்தில் சுற்றிக்கொண்டு தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னாலிருந்து பாய்ந்து வருவார். டீச்சர் ஒரே வெட்டு. போஸ்ட்மாஸ்டர் "சேசுவே!" என்று அலறி விழுவார். கூட்டம் கைதட்டும்.

"ஏங்க, நிஞ்சா சேசுவேன்னு கத்துவானா?" என்று டீச்சர் திட்டுவார்.

"உசுரு போறப்ப வாயில வாரதுதானே வரும்?" என்பார் போஸ்ட்மாஸ்டர், படுத்தபடியே.

ஞாயிற்றுக்கிழமைகளில் மாதா கோயில் பூசைக்குப் போய்விட்டு வந்து சாவார். வரவர விழுவதில் மனிதருக்கு ருசி தட்டிவிட்டது. ஒரு சுற்றுச் சுற்றி, சுவரைப் பிடித்துச் சரிந்து, கடைசியாக ஒரு காலை மட்டும் உதறி அடங்குவார்.

பைப்புக் கடைக்காரரால் சும்மா இருக்க முடியவில்லை. 'குடியிருப்புப் பகுதியில் ஆயுதப் பயிற்சி' என்று புகார் கொடுத்துவிட்டார். ஒரு சப்-இன்ஸ்பெக்டர் ஜீப்பில் வந்து இறங்கினார். மிடுக்காக மாடியேறியவர் டீச்சரைப் பார்த்ததும் படியிலேயே நின்றுவிட்டார்.

"டீச்சர்… நீங்களா?"

"ஏலே, எட்டாப்பு பி செக்சன்தான நீ? லாங்ஜம்ப்ல மண்ணத் தின்னவன்?"

"ஆமா டீச்சர்."

"பெல்ட்டு கோணலா இருக்கு பாரு."

அரசாங்கம் பெல்ட்டைச் சரிசெய்துகொண்டது. பிறகு கவசமும் மாட்டிக்கொண்டது. கடலைத்தோலில் நடந்து விசிலும் வாங்கியது. கீழே இறங்கியவரிடம் பைப்புக் கடைக்காரர் ஓடினார்.

"எல்லாம் மரக்கத்திங்க. செக் பண்ணிட்டேன்," என்றார் அவர்.

"எப்பிடி சார் செக் பண்ணீங்க?"

"அதான் போட்டுப் பாத்தேன்ல?" சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறியவரின் மீசையில் ஒரு கடலைத்தோல் ஒட்டியிருந்தது.

ஒரிஜினல் ஜப்பான்காரரும் வந்தார். கொடைக்கானல் போகிற வழியில் ஆட்டோக்காரர் ஒருவர் அவரைக் கடத்தாத குறையாகக் கூட்டிவந்திருந்தார். அவர் ஏதோ கம்பெனி என்ஜினியர். தெருவே பால்கனியில் நின்றது. அவர் சுங்குடிக் கால்சட்டையைத் தடவிப் பார்த்தார். தன் ஊரில் ஆபீசுக்குப் போகவே நேரம் சரியாக இருந்ததால் இதையெல்லாம் உடுத்திப் பார்த்ததே இல்லை என்று ஆங்கிலத்தில் சொன்னார். "அதனால என்ன, வாங்க, நான் சொல்லித்தாரேன்," என்று டீச்சர் தமிழிலேயே சொல்லி அவருக்குக் கச்சை கட்டிவிட்டார். கிளம்பும்போது அவர் குனிந்தார். டீச்சரும் குனிந்தார். அவர் இன்னும் குனிந்தார். டீச்சர் விடுவாரா? கடைசியில் போஸ்ட்மாஸ்டர் விசில் ஊதித்தான் இரண்டு பேரையும் நிமிர்த்தினார்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோதுதான் அது நடந்தது. சேலத்திலிருந்து ஒரு குடும்பம் வந்திருந்தது. நானும் மாடியில் இருந்தேன். போஸ்ட்மாஸ்டர் தொட்டிக்குப் பின்னாலிருந்து பாய்ந்தார். டீச்சர் கத்தியை ஓங்குவதற்கு முன்பே விழுந்துவிட்டார். சுற்று இல்லை, சரிவு இல்லை, "சேசுவே" இல்லை. அந்தக் குடும்பம் கைதட்டியது.

டீச்சர் மட்டும் கத்தியைக் கீழே போட்டார். "ஏங்க!" என்று அவர் கூப்பிட்ட குரல் எனக்குப் புதிது.

ஆட்டோவில் ஏற்றி, நானும் கூட ஏறி, பெரிய ஆஸ்பத்திரி ஒன்றுக்கு ஓடினோம். ஸ்ட்ரெச்சர் உள்ளே போனது. பின்னாலேயே போன டீச்சரை வாசல் காவலாளி மறித்தார். டீச்சர் இன்னும் முழுக் கவசத்தில் இருந்தார்.

"வேசம் கட்டுனவங்கல்லாம் உள்ள போகக்கூடாதும்மா."

"வேசம் ஒன் கண்ணுக்குய்யா. உள்ள கெடக்குறது எம் புருசன்!"

காவலாளி விலகிக்கொண்டார்.

இதயத்தில் இருந்த அடைப்பை எடுத்துவிட்டோம், பிழைத்துக்கொள்வார் என்று டாக்டர் வந்து சொல்லும்வரை டீச்சர் சுவரோரமாக நின்றபடியே இருந்தார். பிறகு என் மனைவி வந்து கவசத்தின் வார்களை ஒவ்வொன்றாக அவிழ்த்துவிட்டாள்.

வீட்டுக்கு வந்ததும் டீச்சரே போர்டைக் கழற்றினார். 'வயசான காலத்துல புருசன வெட்டி வெளையாண்டா இப்பிடித்தான்' என்று தெரு பேசியது. மகள் வீடியோ காலில் அழுதாள். "போதும்மா, விட்டுரும்மா." டீச்சர் விசிலைக்கூடக் கழற்றி வைத்துவிட்டார். மாடியில் சத்தமில்லாத வீட்டில் எங்களுக்குச் சோறு இறங்கவில்லை.

ஒரு சாயங்காலம் பைப்புக் கடைக்காரர் ஆப்பிள் பையோடு நலம் விசாரிக்க வந்தார். நானும் அங்கே உட்கார்ந்திருந்தேன். மனிதர் கெட்டவர் இல்லை. நல்லது சொல்வதாக நினைத்துத்தான் சொன்னார்: "இனிமேலாச்சும் நிம்மதியா இருங்க சார். டீச்சரும் அந்தக் கூத்த விட்டுட்டாங்க, நல்லதாப் போச்சு."

"யாரு விட்டது?" என்றார் போஸ்ட்மாஸ்டர்.

அறையில் எல்லாரும் திரும்பிப் பார்த்தோம். அந்த உடம்பில் இவ்வளவு பெரிய குரல் எங்கே இருந்தது என்று தெரியவில்லை.

"காலம் பூராம் கவுண்டருக்குப் பின்னால உக்காந்து அடுத்தவன் தபாலுக்கு முத்திர குத்துனேன். ஒருத்தன் என் மொகத்தப் பாத்ததில்ல. கவர நீட்டுவான், கைய மட்டுந்தான் பாப்பான். மாடியில விழுந்தப்பதான்யா எனக்குக் கை தட்டுனாங்க! அத நிறுத்தச் சொல்ல நீ யாரு? இவ யாரு? அந்த டாக்டர் யாரு?"

டீச்சர் கையில் கஞ்சிக் கிண்ணத்தோடு அடுக்களை வாசலில் நின்றிருந்தார். "டாக்டரு நீங்க கீழ விழக்கூடாதுன்னு சொல்லிருக்காரு," என்றார் மெதுவாக.

"விழல. இனிமே நான் வெட்டுறேன், நீ விழு."

"ஒங்களுக்கு வெட்டத் தெரியாது."

"சொல்லிக்குடு. ஊர்ல போறவன் வாரவனுக்கெல்லாம் சொல்லிக்குடுக்குற!"

டீச்சர் கிண்ணத்தை மேசையில் வைத்தார். கண்ணை முந்தானையால் துடைத்தார். பிறகு சொன்னார்: "மொதல்ல முதுக நிமித்துங்க."

டாக்டர் உத்தரவு கொடுத்தபின் போர்டு மறுபடி ஏறியது. மகள் ஜப்பானிலிருந்து சண்டை போட்டாள். தெரு முணுமுணுத்தது. யார் பேச்சும் மாடிப்படி ஏறவில்லை. இப்போது போஸ்ட்மாஸ்டர் முழுக் கவசத்தில், நாற்காலியில் பிரபுவைப் போல உட்கார்ந்திருக்கிறார். கத்தியை லேசாக ஒரு அசைப்பு. அவ்வளவுதான், டீச்சர் விழவேண்டும். ஆனால் அவருக்கு விழ வரவில்லை. வாழ்நாளில் யார் முன்னாலும் விழுந்து பழக்கமில்லாத பெண். முழங்காலை ஊன்றி, கையை ஊன்றி, பாய் விரிப்பதுபோலப் படுப்பார். படுத்த இடத்திலிருந்தே, "கத்தியத் தாழ்த்தாதீங்க! பாக்குறவுங்களுக்குத் தெரிய வேணாமா?" என்று அதட்டுவார். செத்த சாமுராய் இவ்வளவு பேசுவதைப் பார்த்துப் பயணிகள் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். கைதட்டும்போது போஸ்ட்மாஸ்டர் எழுந்து நின்று, முகத்தைக் கூட்டத்துக்கு நேராக வைத்துக்கொள்கிறார்.

போன மாதம் வேறொரு தெருவில் எங்களுக்கு ஒரு நல்ல வீடு அமைந்தது. போய்ப் பார்த்தோம். காற்று, வெளிச்சம், தண்ணீர், எதிலும் குறை சொல்ல முடியாது.

"மாடியில யாரும் இல்லையாம். சத்தமே இருக்காது," என்றேன்.

"அப்ப வேணாம்," என்றாள் என் மனைவி. எனக்கும் அதைத்தான் சொல்லவேண்டும் போலிருந்தது.