பிரிக்காத பெட்டி

காவிரிப் படுகையின் சரித்திரத்தில் கல்லணைக்கு ஓர் அத்தியாயம் உண்டென்றால், ‘ராஜா 80’ வீடியோ கேமுக்கு இரண்டாவது ஒதுக்க வேண்டும். எண்பதுகளின் விளையாட்டுகளைப் புதுப் பெட்டியில் அடைத்து விற்ற அந்தப் புண்ணியக் கம்பெனிக்குத் தஞ்சை மண்டல மேலாளராக வாய்த்தவர் செழியன். வைகாசியில் மட்டும் நானூறு பெட்டி விற்றார். தலைமையகம் சால்வை போர்த்தி, ‘டெல்டா சிங்கம்’ என்ற பட்டமும் கொடுத்தது.

ஆவணியில் ஒரு பெட்டிகூட நகரவில்லை. “ஒரு வாரத்தில் காரணம் கண்டுபிடிக்கவும், தவறினால் வீட்டிலேயே ஓய்வெடுக்கவும்” என்று அதே தலைமையகம் பரிவோடு எழுதியது. மகள் பூவிழிக்கு அப்போதுதான் காலேஜில் இடம் கிடைத்திருந்தது. சிங்கம் குடவாசலில் பெட்டி விற்கும் ஜெக்கரியாவிடம் ஓடியது.

“என்ன பாய், ஜனங்களுக்கு விளையாட்டு அலுத்துப்போச்சா?”

“யாரு சார் விளையாடினா? பெரிய பெட்டி, பளபளன்னு இருக்கு. கல்யாணத்துல கொடுக்கத் தோதா இருந்துச்சு, வாங்குனாங்க.”

“இப்ப ஏன் வாங்கல?”

“வந்த பெட்டிய யாரு பிரிக்கிறா? மேல் காகிதத்த மாத்தி அடுத்த காதுகுத்துக்குக் கொடுத்துடுறாங்க. நானூறு பெட்டி நம்ம பக்கத்துக்குப் பத்து வருஷத்துக்குத் தாங்கும் சார்.”

செழியன் வீட்டுக்கு வந்து பீரோ மேலே பார்த்தார். மூன்று ‘ராஜா 80’ அமர்ந்திருந்தன. ஆராய்ச்சியின் பொருட்டு ஒன்றை இறக்கினார்.

“அதத் தொடாதீங்க. எதிர்வீட்டு நீலாம்பா பேரன் காதுகுத்துக்கு வச்சிருக்கேன்” என்றாள் மனைவி அம்சவல்லி.

கேட்கவில்லை. கம்பெனி முத்திரையைக் கத்தியால் கீறித் திறந்தார். உள்ளே, தெர்மாகோலுக்கு நடுவே, வெகு நேர்த்தியாக ஒரு செங்கல் இருந்தது.

கம்பெனி டைரக்டர் அரசப்பனை போனில் பிடித்தார்.

“சார், பெட்டியில செங்கல் இருக்கு சார்.”

“தெரியுமே” என்றார் அரசப்பன் நிதானமாக. “நானூறு பேர்ல யாராவது புகார் பண்ணாங்களா?”

“இல்ல சார்.”

“அப்ப பிரிச்சது யாரு?”

“நான்தான் சார்.”

அவர் போனை வைப்பதற்குள் அம்சவல்லி செங்கல்லைத் துடைத்து உள்ளே வைத்து, டேப் ஒட்டி, பூப்போட்ட காகிதம் சுற்றிவிட்டாள்.

மறுவாரம் உத்தரவு வந்தது: “நானூறு குடும்பங்கள் நம் கம்பெனி மீது வைத்திருந்த நம்பிக்கையைக் கத்தியால் கீறிய குற்றத்துக்காகச் செழியன் பணிநீக்கம் செய்யப்படுகிறார்.”