வேண்டுமென்றே தோற்றவர்

"ஜெயிச்சவங்க ஒண்ணு கேக்கலாம். தோத்தவங்க மாட்டேன்னு சொல்லக் கூடாது. சம்மதமா?"

"என்னா வேணா கேக்கலாமா?"

"என்னா வேணா."

"யோசிச்சுக்க நிம்மி. நான் காலேஜ்லேருந்து ஆடறவன்."

"ஆடறப்ப பாக்கலாம்."

நோணாங்குப்பத்தில் படகுக்குக் காத்திருந்த வரிசையில், கல்யாணமான பதினோராம் நாள் நடந்த பேச்சு அது. எட்டு மாதம் கழித்து, ஒரு செவ்வாய்க்கிழமை மாலை ஏழு மணிக்கு, புதுச்சேரியில் கதிர்காமத்து வீட்டில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்த வெற்றிவேலுக்கு அது அப்படியே நினைவுக்கு வந்தது. காரணம், திரையில் தெரிந்த சிவப்பு எழுத்து.

'வெற்றி என்ற ஆட்டக்காரர் வேண்டுமென்றே தோற்பதாகச் சந்தேகம். ஆட்டம் நிறுத்தி வைக்கப்படுகிறது.'

சந்தேகம் நூற்றுக்கு நூறு சரி. அதுதான் சிக்கல்.

நிம்மி என்கிற நிர்மலாவுக்குக் காரைக்காலில் நர்ஸ் வேலை. வெற்றிவேலுக்குப் புதுச்சேரியில் அரசு அலுவலகத்தில் குமாஸ்தா வேலை. நடுவில் நாலு மணி நேரப் பஸ் பயணம். ஞாயிற்றுக்கிழமை மட்டும் யாராவது ஒருவர் பஸ் ஏறுவார்கள். மற்ற நாட்களில் மாலை ஏழிலிருந்து எட்டு வரை இரண்டு பேரும் கம்ப்யூட்டரில் துப்பாக்கி எடுத்துக்கொண்டு ஒருவரை ஒருவர் சுடுவார்கள். பாழடைந்த கிட்டங்கி ஒன்றில் பெட்டிகளுக்குப் பின்னால் ஒளிந்து ஆடும் ஆட்டம். சுட்டுக்கொண்டே தட்டச்சில் பேசிக்கொள்வதும் உண்டு. 'இன்னைக்கு வார்டுல ரெட்டைக் குழந்தை' என்று வரும். பின்னாலேயே ஒரு குண்டும் வரும்.

வெற்றிவேலுக்குக் கேட்க வேண்டியது ஒன்றே ஒன்றுதான். பாண்டிக்கு வந்துவிடு என்பது. ஆனால் பெண் பார்க்கப் போன அன்றைக்கே அவளுடைய அப்பாவிடம், "வேலைய விடச் சொல்ல மாட்டேன், ஊர மாத்தச் சொல்ல மாட்டேன்" என்று நாலு பேர் முன்னால் வாக்குக் கொடுத்திருந்தான். அந்த வார்டைப் பற்றிப் பேசும்போது அவள் முகம் எப்படி மலரும் என்பதும் அவனுக்குத் தெரியும். ஜெயித்தால் கேட்கலாம், கேட்டால் அவளால் மறுக்க முடியாது. மறுக்க முடியாத ஒருத்தியிடம் கேட்பதற்குப் பெயர் கேட்பதா என்ன? ஆகவே அவன் தோற்றான்.

தோற்பதற்குப் பட்ட பாடு கொஞ்சமல்ல. அவள் குறி தவறும்போதெல்லாம் குண்டு போகும் திசையில் ஓடிப் போய் நிற்க வேண்டியிருந்தது. சில நாள் தன் கைக்குண்டைத் தானே காலடியில் போட்டுக்கொண்டு அதன் மேல் நின்றான். மொட்டை மாடியிலிருந்து எத்தனை தடவை குதித்தான் என்பதற்குக் கணக்கில்லை. ஜெயித்த நிர்மலாவும் சும்மா இருக்கவில்லை. அவள் கேட்டதற்காக மீசையை எடுத்தான், வற்றல் குழம்பு வைக்கக் கற்றுக்கொண்டான், ஒருநாள் போனில் முழுசாக ஒரு தாலாட்டுப் பாடினான்.

கைப்பேசி அடித்தது.

"என்னங்க, கேம் தெறக்க மாட்டேங்குது. நீங்க வேணும்னே தோக்கறதா எழுதியிருக்கு."

"சாஃப்ட்வேர் கோளாறும்மா."

"அப்போ நெஜமாவே தோக்கறீங்களா?"

"நெஜமாவேதான்."

"எட்டு மாசமா?"

"நீ நல்லா ஆடற நிம்மி."

"அப்போ அதையே அந்த முசேகிட்ட எழுதிக் குடுங்க. இந்தப் பழியோட இருக்கக் கூடாது. அப்புறம், எங்க ஆஸ்பத்திரி மாற்றல் சர்க்குலர் வெள்ளிக்கிழமை சாயந்திரம் அஞ்சு மணியோட முடியுது. பாண்டிக்குப் போறேன்னு எழுதிக் குடுக்கறவங்க குடுக்கலாமாம். அடுத்தது இனிமே மூணு வருஷம் கழிச்சுத்தான். நான் குடுக்கவா, வேணாமா?"

'குடு' என்ற சொல் நாக்கு நுனி வரை வந்தது. "உன் இஷ்டம்மா" என்றான்.

"அது எனக்கே தெரியும்" என்றாள் அவள்.

முசே, அதாவது பிரெஞ்சில் ஐயா, என்று அவர்கள் கூப்பிட்டது பிரான்சுவாவை. பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். புதுச்சேரி சாரத்தில் கேம் சென்டர் வைத்திருந்தார். அவருடைய சர்வரில்தான் இருவரும் ஆடினார்கள். ஆட்டத்தில் திருடுகிறவர்களைப் பிடிக்க அவர் ஒரு சாஃப்ட்வேர் போட்டிருந்தார். சுவருக்கு அந்தப் பக்கம் பார்க்கிறவன், துப்பாக்கிக் குறி தானாக விழும்படி செய்துகொள்கிறவன் எல்லோரையும் அது பிடித்துவிடும். அதற்கு அவர் வைத்த பெயர் ழாந்தர்ம். பிரெஞ்சுக்காரன் காலத்துப் போலீஸ்.

வெற்றிவேல் அன்றைக்கே மனு எழுதினான். பன்னிரண்டு வருட அலுவலகப் பழக்கம், வேறு மாதிரி எழுத வரவில்லை.

'ஐயா, பொருள்: வேண்டுமென்றே தோற்றதாகக் குற்றச்சாட்டு - மறுப்பு - தொடர்பாக. பார்வை: தங்கள் சாஃப்ட்வேரின் செவ்வாய்க்கிழமை நாளிட்ட சிவப்பு எழுத்து. எனக்கு இயல்பாகவே ஆட வராது என்பதைப் பணிவுடன் தெரிவித்துக்கொள்கிறேன்.'

புதன்கிழமை காலை பதில் வந்தது. வார்த்தை எதுவும் இல்லை. ஒரு போட்டோ மட்டும். அவருடைய சென்டரில் ஐந்து வருடம் முன்பு நடந்த போட்டியில் வெற்றிவேல் முதல் பரிசுக் கோப்பையைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு நிற்கிறான்.

மறுபடியும் எழுதினான். 'மேற்படி கோப்பைக்குப் பிறகு வலது மணிக்கட்டில் தீராத வலி ஏற்பட்டுவிட்டது.'

இந்த முறை பிரான்சுவா விதிப்படி நடந்துகொண்டார். புகார் சம்பந்தமான எல்லாக் கடிதமும் எதிர் ஆட்டக்காரருக்கும் ஒரு நகல் போக வேண்டுமாம். எதிர் ஆட்டக்காரர் நர்ஸ்.

"எந்தக் கை?"

"வலது."

"எப்பலேருந்து? விரல் மரத்துப் போவுதா? ஏன் என்கிட்ட சொல்லல?"

"லேசாத்தான் நிம்மி."

"லேசான வலிக்கு எட்டு மாசம் தோப்பாங்களா?"

வியாழக்கிழமை காலை காரைக்கால் பஸ் கண்டக்டரிடமிருந்து ஒரு பொட்டலம் வாங்கினான். உள்ளே மணிக்கட்டுக் கட்டு, களிம்பு, எப்படிக் கட்ட வேண்டும் என்று அவளே வரைந்த படம். படத்தில் இருந்த கைக்கு அவனுடைய கையில் இருப்பது போலவே ஒரு மச்சம் போட்டிருந்தாள். அதைப் பார்த்த பிறகு கட்டாமல் இருக்க முடியவில்லை.

கட்டோடு அலுவலகம் போய்ச் சேர்ந்ததும் பிரான்சுவா போன் செய்தார். "தம்பி, இன்னைக்கு ஏழு மணிக்கு ஒரு பரீட்சை. உங்க வீட்டம்மாவோட பத்து ஆட்டம். நான் இங்கேருந்து பாப்பேன். உண்மையிலேயே ஆட வரலன்னா விட்டுடறேன். நடிச்சா எனக்குத் தெரியும்."

வெற்றிவேல் கட்டுப் போட்ட கையைப் பார்த்தான். பிறகு பக்கத்து மேசை ஜானகிராமனைப் பார்த்தான். ஐம்பது வயது. கம்ப்யூட்டரில் கடிதம் அடிப்பதைத் தவிர வேறெதுவும் செய்தறியாதவர். இவரை உட்கார வைத்தால் நடிக்கவே வேண்டாம்.

"சுட்டா நமக்கு ஒண்ணும் ஆவாதே?" என்று மட்டும் கேட்டார் ஜானகிராமன்.

"ஒண்ணும் ஆவாது சார். நீங்க தோத்தா போதும்."

"அதுல எனக்கு அனுபவம் உண்டு வெற்றி. கவலப்படாத."

ஏழு மணிக்கு அவரை நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு, பார்க்கத் தைரியமில்லாமல் வெற்றிவேல் சமையலறைக்குப் போய்ப் பால் காய்ச்சினான். ஒரு மணி நேரம் கழித்து ஜானகிராமன் வேர்த்து விறுவிறுத்து வந்து நின்றார்.

"மன்னிச்சுக்க வெற்றி. ஒம்போது வாட்டி ஜெயிச்சுட்டேன்."

"எப்டி சார்?"

"தெரியலப்பா. எந்தப் பட்டனத் தொட்டாலும் அந்தம்மா செத்துப் போயிடறாங்க."

கைப்பேசி அடித்தது.

"ஜெயிச்சுட்டீங்க" என்றாள் நிர்மலா.

"ஆமா."

"கை சரியாப் போச்சா?"

"உன் களிம்புதான்."

"சரி, கேளுங்க."

ஜானகிராமன் பாலைக் குடிக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார். வெற்றிவேல் யோசித்தான். தான் ஜெயிக்காத ஆட்டம். அவள் மறுக்க முடியாத பந்தயம். தானே கொடுத்த வாக்கு. மூன்றும் சேர்ந்து 'வா' என்ற சொல்லை மறித்தன.

"ஞாயித்துக்கிழம வர்றப்ப..."

"ம். வர்றப்ப?"

"ஒரு கொசுவலை எடுத்துட்டு வா."

"கொசுவலை."

"ஆமா."

"பாண்டில கொசுவலை விக்கலியா?"

"காரைக்கால் வலை கொஞ்சம் நெருக்கமா இருக்கும்."

"எடுத்துட்டு வரேன்" என்றாள். குரல் சப்பென்று இருந்தது. பிறகு அவளே இணைப்பைத் துண்டித்தாள்.

ஜானகிராமன் மெதுவாக, "எங்க வீட்லயே ரெண்டு கொசுவலை சும்மா கெடக்குது" என்றார்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் பிரான்சுவாவிடமிருந்து கடைசிக் கடிதம் வந்தது. நேற்று ஆடியது வேறு ஆள் என்று தெரிந்துவிட்டது. விதிப்படி எட்டு மாத ஆட்டப் பதிவு முழுவதும் நாலு மணிக்கு எதிர் ஆட்டக்காரருக்கு அனுப்பப்படும். வெற்றிவேலின் கண் வழியாக எடுத்த பதிவு. கைக்குண்டின் மேல் போய் நிற்பது, மாடியிலிருந்து குதிப்பது, அவள் எதிரே வந்தால் துப்பாக்கியைக் கீழே தாழ்த்துவது, எல்லாம் அதில் இருக்கும்.

அரை நாள் லீவு சொல்லிவிட்டுச் சாரத்துக்குப் பறந்தான்.

பிரான்சுவா காதில் மாட்டியிருந்த ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கினார். "போன்ழூர் தம்பி. உக்காருங்க."

"அனுப்பாதீங்க முசே. ஆடினது நான்தான்னு நம்பிட்டிருக்கா."

"நம்பிட்டிருக்காங்களா?" அவர் திரையைத் திருப்பினார். நேற்றைய ஆட்டத்தின் தட்டச்சுப் பேச்சு வரிசையாக இருந்தது. ஒவ்வொரு முறை சுட்ட பிறகும் அலுவலகக் கடிதம் மாதிரி ஒரு வரி. 'வருந்துகிறேன் மேடம். - ஜானகிராமன், மேல்நிலை எழுத்தர்.' ஒன்பது தடவை.

வெற்றிவேல் தலையில் கை வைத்துக்கொண்டான். "ஒத்துக்கறேன். நான் வேணும்னேதான் தோத்தேன்."

"ஏன்?"

"ஜெயிச்சா கேக்கணும். கேட்டா அவ வந்துடுவா. பந்தயத்துக்காக வந்தாளா, எனக்காக வந்தாளான்னு ஆயுசுக்கும் தெரியாமப் போயிடும் முசே."

"பந்தயம் இல்லாமக் கேக்கறது?"

"வாக்குக் குடுத்திருக்கேன்."

"அவங்ககிட்டயா?"

"அவங்க அப்பாகிட்ட."

பிரான்சுவா கடிகாரத்தைப் பார்த்தார். "மூணு நாப்பத்தஞ்சு. நாலு மணிக்கு அனுப்பிடுவேன். அவங்க திரையில பாத்துத் தெரிஞ்சுக்கணுமா, உங்க வாயால தெரிஞ்சுக்கணுமான்னு நீங்களே முடிவு பண்ணுங்க."

வெற்றிவேல் எழுந்து கதவு வரை போனான். திரும்பி வந்தான். கைப்பேசியில் எண்ணை அழுத்தினான்.

"நிம்மி, நான் எட்டு மாசமா வேணும்னேதான் தோத்தேன். நேத்து ஜெயிச்சது நான் இல்ல. கையில வலியும் இல்ல. கொசுவலையும் வேணாம்."

"பின்ன என்னாதான் வேணும் உங்களுக்கு?"

"இது பந்தயம் இல்ல. நீ மாட்டேன்னு சொல்லலாம். சொன்னாலும் ஞாயித்துக்கிழம பஸ் ஏறி வந்துடுவேன், அப்பவும் கோவிச்சுக்க மாட்டேன். உங்கப்பாவுக்குக் குடுத்த வாக்க மீறித்தான் கேக்கறேன்." மூச்சு வாங்கியது. "பாண்டிக்கு வந்துடு நிம்மி. நீ இல்லாம இந்த வீட்ல என்னால இருக்க முடியல."

மறுமுனையில் செருப்புச் சத்தம் கேட்டது. முதலில் நடை, பிறகு ஓட்டம்.

"இருங்க, ஆபீஸ் மூடறதுக்குள்ள காகிதத்தக் குடுத்துட்டு வரேன்" என்றாள் மூச்சிரைக்க. அழுகிறாளா சிரிக்கிறாளா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

வெற்றிவேல் மணிக்கட்டுக் கட்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டான். "இப்பவாவது தடைய எடுப்பீங்களா முசே? உங்க ழாந்தர்ம் ஒத்துக்குமா?"

"ழாந்தர்ம் ஜெயிக்கறதுக்குத் திருடறவனத்தான் புடிக்கும், தோக்கறதுக்குத் திருடறவங்க அது கண்ல படவே மாட்டாங்க" என்றார் பிரான்சுவா. "திங்கக்கெழம எனக்குப் போன் பண்ணி அந்தச் சிவப்பு எழுத்தப் போடச் சொன்னதே உங்க வீட்டம்மாதான் தம்பி, நேத்து ஜானகிராமன் சார்கிட்ட தோக்கறதுக்குள்ள பாவம், அவங்க பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்."