அமரரை அரக்கிய கதை

அரக்கர் குலம் அழிந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டிருக்கிறீர்களா? இல்லை, இணுவிலில் ஒருவர் இருக்கிறார். கோரைப்பல் கிடையாது, கொம்பு கிடையாது. ஒரு மடிக்கணினியும் ஆறிப்போன தேநீரும்தான் உண்டு. பஸ்ஸில் பக்கத்துச் சீட்டுக்காரரை "கொஞ்சம் அரக்கி இருங்கோ" என்று நகரச் சொல்கிறோமே, அந்த அரக்குதலையே தொழிலாகக் கொண்ட கூட்டம் இவருடையது. இணையப்பக்கம் செய்கிறோம் என்று சொல்லி, எழுத்தையும் படத்தையும் பெட்டியையும் நாள் முழுக்க அரக்குவார்கள். ஆகவே அரக்கர்.

இணையப்பக்கம் இயல்பிலே பந்தி மாதிரி. ஒருவர் வந்து உட்கார்ந்தால் அடுத்தவர் தானாகவே தள்ளி உட்காருவார், இடம் போதாவிட்டால் கீழ் வரிசைக்குப் போவார். அரக்கருக்கு இது பிடிக்காது. தான் சொல்லாமல் ஒரு பொருள் அசைவதா? 'பொசிஷன் அப்சொலூட்' என்று ஒரு கட்டளை உண்டு. அதைக் கொடுத்து, இடப்பக்கத்திலிருந்து இத்தனை பிக்சல், மேலேயிருந்து இத்தனை பிக்சல் என்று ஒவ்வொன்றையும் ஆணி வைத்து அறைந்துவிடுவார். பிறகு நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளி, ஒரு கண்ணை மூடி, தலையைச் சாய்த்து, "ஒரு சொட்டு மேலை" என்று முணுமுணுத்து ஆணியைப் பிடுங்கி மறுபடி அறைவார். ஒன்றை இன்னொன்று மறைத்தால், அடியில் கிடப்பதை மேலே ஏற்றுகிற 'இஸட்-இண்டெக்ஸ்' 9999. அதற்கும் அடங்காவிட்டால் இன்னொரு ஒன்பது. மற்றவர்களுடைய திரையில் இது எப்படித் தெரியும்? அதைப் பற்றி அவருக்கென்ன!

இணுவில் அரக்கரின் பெயர் கோபிசங்கர். தங்கை கோபிகாவுக்குப் பருத்தித்துறையில் சம்பந்தம் பொருந்தியதும், அழைப்பிதழை இணையத்தில் தானே செய்வதாகப் பொறுப்பெடுத்துக்கொண்டான். இடப்பக்கம் பெண் வீட்டார், வலப்பக்கம் மாப்பிள்ளை வீட்டார். கைத்தொலைபேசியில் பார்க்கிறவர்களுக்கு மாப்பிள்ளை வீட்டார் மேலேயும் பெண் வீட்டார் கீழேயும் வரவேண்டும் என்று, மரியாதைக்காக, ஏற்பாடும் செய்திருந்தான்.

ஒரு சொல்தான் அவனை மூன்று நாள் படுத்தியது. தகப்பன் சண்முகநாதன் இரண்டு வருடத்துக்கு முன் தவறிவிட்டார். பெயருக்கு முன்னால் 'அமரர்' போடவேண்டும். அந்தச் சொல்லை அப்பாவின் பெயரோடு ஒட்டி எழுத அவனுக்குக் கை வரவில்லை. அதை வெளியில் சொல்லாமல் 'டிசைன்' என்று சொல்லிக்கொண்டான். தனிப்பெட்டி, பொன்னிறச் சிற்றெழுத்து, பெயருக்குச் சற்று மேலே. அறைந்தான், பிடுங்கினான், மறுபடி அறைந்தான். மூன்றாம் நாள் கண்ணுக்கு நிறைவாக இருந்தது. இருநூற்றுப் பதினான்கு பேருக்கு அனுப்பிவிட்டுக் குளிக்கப் போனான்.

கைத்தொலைபேசிகளில் மாப்பிள்ளை வீட்டார் மரியாதையாக மேலே ஏறினார்கள். ஆணியடித்த 'அமரர்' மட்டும் நின்ற இடத்திலேயே நின்றது. அதன் கீழே இப்போது இருந்தவர் சம்பந்தி செல்வநாயகம்.

கனடாவிலிருந்து அவருடைய தங்கை அழுதுகொண்டு தொலைபேசி எடுத்தார். "ஐயோ, அண்ணை எங்களை விட்டிட்டுப் போட்டாரே! எனக்கு ஒருத்தரும் சொல்லேல்லையே!"

"தங்கச்சி, நான்தான் கதைக்கிறன்" என்றார் செல்வநாயகம். மறுமுனையில் ஒரு அலறல், பிறகு தொலைபேசி கீழே விழுந்த சத்தம்.

அடுத்த அழைப்பு இணுவிலுக்கு வந்தது. "தம்பி, நான் எப்ப மோசம் போனனான்?"

கோபிசங்கர் ஈரத்தலையோடு மடிக்கணினியைத் திறந்து பார்த்தான். எல்லாம் ஒழுங்காகவே இருந்தது. "மாமா, என்ரை கொம்பியூட்டரிலை நீங்கள் உயிரோடைதான் இருக்கிறியள்" என்றான்.

இந்தப் பதிலைக் கேட்ட செல்வநாயகம் சிரித்திருப்பார். ஆனால் தொலைபேசியை அவருடைய மனைவி நாகேஸ்வரி பறித்துவிட்டார். "கலியாணத்துக்கு முந்தியே என்ரை மனுசனைச் சாகடிச்சுப்போட்டியள். உந்தச் சம்பந்தம் எங்களுக்கு வேண்டாம்!"

கோபிகா அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அரக்கர் என்ன செய்தார்? வேறென்ன, இன்னும் அரக்கினார். தொலைபேசி என்றால் அந்தச் சொல்லை இத்தனை பிக்சல் கீழே இறக்கு என்று ஜாவாஸ்கிரிப்ட் என்ற கணினிமொழியில் முப்பது வரி எழுதினார். 'அமரர்' இறங்கி அப்பாவின் பெயர் மேல் நின்றது. வெற்றியோடு தாய் குணலட்சுமியிடம் காட்டினார். அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தொலைபேசியைச் சரித்துப் பிடித்தார்.

"தம்பி, சரிச்சுப் பிடிச்சால் நானெல்லே செத்திருக்கிறன்."

கதவு திறந்தது. கோபிகா அழுத முகத்தோடு வந்து நின்றாள். "அண்ணை, அப்பாவின்ரை பேருக்கு முன்னாலை அதைச் சும்மா எழுத ஏலாதே?"

"எழுதலாம். ஆனால் வடிவாய் இராது."

"வடிவில்லாட்டிலும் பரவாயில்லை. அப்பாதான் செத்தவர், அண்ணை. வேறை ஒருத்தரும் சாகேல்லை."

அவன் மடிக்கணினியை மறுபடி திறந்தான். முப்பது வரியை அழித்தான், தனிப்பெட்டியை அழித்தான், ஆணிகளையெல்லாம் பிடுங்கினான். அப்பாவின் பெயருக்கு முன்னால் நான்கு எழுத்தைச் சேர்த்து எழுதினான். எழுதும்போது திரை கலங்கித் தெரிந்தது. அது திரையின் பிழையல்ல. பிறகு எந்தத் தொலைபேசியில் பார்த்தாலும், எப்படிச் சரித்தாலும், அந்தச் சொல் அப்பாவை விட்டு அசையவேயில்லை.

பின்னேரமே அண்ணனும் தங்கையும் பருத்தித்துறைக்குப் போனார்கள். நாகேஸ்வரி தொலைபேசியை நேரே பிடித்தார், சரித்துப் பிடித்தார், தலைகீழாகவும் ஒருதரம் பிடித்தார். "எங்கடை அவரின்ரை பேருக்கு முன்னாலை என்ன கிடக்கு?"

"ஒண்டுமில்லை மாமி."

"ஒண்டுமில்லாட்டில் சனம் நம்புமே? 'திரு' எண்டு போடும். பெரிசாய்ப் போடும்."

"போடும் தம்பி" என்றார் செல்வநாயகம். "ஆனால் ஒட்டிப் போடும்."

கல்யாணம் குறித்த நாளில் நடந்தது. செல்வநாயகம் மண்டப வாசலில் நின்று, வந்த ஒவ்வொருவர் கையையும், அவர்களுடைய சந்தேகம் தீருமட்டும் பிடித்துக் குலுக்கினார்.

நீங்கள் இணையப்பக்கம் செய்கிறவரல்ல என்பது எனக்குத் தெரியும். இருந்தாலும் ஒரு கேள்வி. யாராவது உங்களிடம் வந்து "எனக்கு அப்படித் தெரியவில்லையே" என்றால், உங்கள் வாயில் முதலில் வருவது என்ன? "எனக்குச் சரியாகத்தானே தெரிகிறது" என்பதா? அப்படியானால், வந்தவர் உயிரோடுதான் இருக்கிறாரா என்று அவரிடமே ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள்.