ஐந்தாவதாக நின்ற ஆள்

தொட்ட கையைச் சீனிமுகம்மது முதலாளி எடுப்பதற்குள் கோட்டுக் கிளாக்கர் எழுதியே விட்டார்: 'சாட்சி இரண்டாம் ஆளை அடையாளம் காட்டினார்.'

"ஐயோ, எழுதாதீங்க! இவனில்ல!"

நீதவான் மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "தோளில் கை வைத்தீரே?"

"சும்மா தொட்டுப் பார்த்தன் ஐயா!"

"சும்மா தொட்டுப் பார்க்க இது என்ன, உமது புடவைக் கடையா?"

வினையே அதுதான். கல்முனைக் கடைத்தெருவில் முப்பது வருடம் புடவை விற்ற மனிதருக்கு, விரும்பியதை முதலில் தொடும் பழக்கமே கிடையாது. தொட்டால் விலை ஏறிவிடும். கொழும்பு மொத்தக் கடையில் நீலச் சாரன் கட்டு வேண்டுமென்றால் பச்சைக் கட்டைத்தான் தடவிக்கொண்டு நிற்பார். நாவிதன்வெளியில் வயல் வாங்கப் போனபோது பக்கத்து வயலைத்தான் சுற்றிப் பார்த்தார். மகள் றம்லாவுக்குப் பேசிய மாப்பிள்ளையைத் தரகர் ஒரு சாக்குச் சொல்லிக் கடைக்குக் கூட்டி வந்தபோதும், முகம் கொடுக்காமல் துணி அளந்துகொண்டே, ஓரக்கண்ணால் ஒரு தரம் பார்த்துத்தான் சம்மதம் சொன்னார்.

அந்த மாப்பிள்ளைக்குக் கொடுக்கவென்று வாங்கி வைத்திருந்த றேடியோ கெசட் பெட்டிதான் களவு போனது. எண்பத்தோராம் ஆண்டில் அந்தத் தெருவிலேயே அப்படி இன்னொன்று இல்லை. போன வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகைக்குக் கடை பூட்டும் அவசரத்தில், எவனோ ஒருவன் அதைத் தோளில் தூக்கிக்கொண்டு ஓடினான். ஓடும்போது ஒரேயொரு தரம் திரும்பிப் பார்த்தான். கலியாணத்துக்கு இன்னும் பத்து நாள். கள்ளனைச் சரியாகக் காட்டினால்தான் சாமான் திரும்பி வரும். வராவிட்டால் மாப்பிள்ளை வீட்டார் முகத்தில் எப்படி முழிப்பது?

காலையில் மனைவி சபியா உம்மா கேட்டிருந்தாள்: "ஓடினவன்ட முகத்த எப்படிப் புடிப்பீங்க? என்ட தம்பியவே ஆரோ எண்டு கடையால வெரட்டின ஆள் நீங்க!"

"முகம் பாக்கிறதுதான் என்ட தொழில், புள்ள!" என்று தொப்பியைச் சரிசெய்துகொண்டு புறப்பட்டவர் இவர்.

அடையாள அணிவகுப்பு வரிசையில் எட்டுப் பேர். எல்லாருக்கும் அரும்பு மீசை, இடுப்பில் கட்டம் போட்ட சாரன், வெள்ளைச் சேட்டு. ஒருவன் பொலிசார் பிடித்த சந்தேக ஆள். மற்ற ஏழு பேரும், அவனைப் போல இருந்த ஒரே குற்றத்துக்காக பஸ்ஸுக்கு நின்ற இடத்திலிருந்து அள்ளி வரப்பட்டவர்கள். யாரும் வாய் திறக்கக் கூடாது என்று உத்தரவு.

பார்த்த மாத்திரத்தில் முதலாளிக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. ஐந்தாவது ஆள்! அந்த மூக்கு! அந்த முழி! உடனே கை தன்பாட்டில் இரண்டாவது ஆளின் தோளுக்குப் போய்விட்டது.

"ஐயா, கைதான் பிழைச்சிட்டு, கண் பிழைக்கல்ல. கள்ளன் அஞ்சாவது ஆள்!"

சொல்லி வாய் மூடவில்லை, இரண்டாவது ஆள் தடாலென்று அவர் காலில் விழுந்தான்.

"யா அல்லாஹ்! இத்தன பேருக்குள்ள நேரா வந்து என்னத் தொட்டுட்டீங்களே, மொதலாளி! நான்தான் எடுத்தன். நாவிதன்வெளியில உங்கட வயல் வாடிக் குடிசைக்குள்ளதான் வைக்கல் போட்டு மூடி வெச்சிருக்கன். உட்டிருங்க!"

கிளாக்கர் கை தட்டாத குறை. நீதவானின் முகத்திலும் சிரிப்பு வந்தது. "முதலாளி, உமது பிழையான கை சரியான ஆளைப் பிடித்துவிட்டது. றேடியோவும் கிடைத்துவிடும். வீட்டுக்குப் போம்."

போயிருக்கலாம்.

"அவன் பொய் சொல்றான் ஐயா! அஞ்சாவது ஆள்ட கூட்டாளி, பழிய ஏத்துக்கிறான்!"

"ஒப்புக்கொண்டவனை விட்டுவிட்டு மற்றவனை எழுதச் சொல்கிறீரா?"

"அப்ப ரெண்டு பேரையும் எழுதுங்க!"

"இங்கே பேரம் பேசாதீர்!"

முப்பது வருடக் கண்ணை நம்ப மாட்டேன் என்கிறார்களே! முதலாளி ஐந்தாவது ஆளின் மூக்குக்கு நேரே விரலை நீட்டினார்.

"இவன எனக்குத் தெரியாதா? ஒரு மாசத்துக்கு முன்னயே கடைக்கு வந்து வேவு பார்த்தவன்! சாரன் கேட்டான். ஆனா சாரனப் பார்க்கல்ல, பின்னால வீட்டுப் பக்கம் எட்டி எட்டிப் பார்த்தான்! இப்ப பாருங்க, தலைய நிமித்துறானா? வேர்த்துக் கொட்டுது! வல்லாஹி, செத்து மையத்தாக் கிடந்தாலும் இந்த முகத்த மறக்க மாட்டன்!"

நீதவான் பெருமூச்சு விட்டு, ஐந்தாவது ஆளின் பக்கம் திரும்பினார். "நீர் இனி வாய் திறக்கலாம். இவரின் கடைக்குப் போனதுண்டா?"

"ஓம் ஐயா."

"பார்த்தீங்களா!" முதலாளி துள்ளினார்.

"வீட்டுப் பக்கம் எட்டிப் பார்த்தீரா?"

"ஓம்... பார்த்தன் ஐயா."

"எழுதுங்க கிளாக்கரையா, எழுதுங்க!"

"அப்படியென்றால் றேடியோ?"

அந்த இளைஞன் அப்போதும் தலையை நிமிர்த்தவில்லை. வெட்கத்தோடு முதலாளியிடம் சொன்னான்:

"மாமா, அத நான் என்னத்துக்குக் களவெடுக்க? எனக்குத் தாறத்துக்குத்தானே வாங்கி வெச்சீங்க?"