உமாராணியின் வக்கீல்

சீரியல் பார்ப்பவர்கள் எல்லாரும் ஒரே ரகமல்ல. அழுகிறவர்கள் உண்டு; திரையைப் பார்த்துத் திட்டுகிறவர்கள் உண்டு. மூன்றாவது ரகம்தான் ஆபத்து. கெட்டுப்போகும் கதாநாயகிக்குக் கூலி வாங்காமல் வாதாடும் வக்கீல்.

மில்லர்புரத்து விஜிலாவை எடுத்துக்கொள்ளுங்கள். புருஷன் கப்பலில் வேலை. மாமியார் ஆக்னஸ் படுத்த படுக்கை. அந்த அம்மாளைத் துடைத்து, புரட்டிப் படுக்கவைக்கத் தினமும் சாயங்காலம் நான் வேலைக்குப் போகிறேன். ஏழு மணிக்கு டிவியில் உமாராணி வருவாள். தங்கமான மருமகளாகத் தொடங்கியவள்.

முதலில், மாமியாருக்குச் சோறு போடாமலே போட்டதாகப் புருஷனிடம் சொன்னாள்.

"வேலைக்கெடையில மறந்திருப்பா. அவளும் என்னதான் செய்வா?" என்றாள் விஜிலா.

அடுத்து நாத்தனார் சங்கிலியை எடுத்து வேலைக்காரி பைக்குள் போட்டாள்.

"நாத்தனா மட்டும் லேசுப்பட்டவளா? அவளும் என்னதான் செய்வா?"

பிறகு பத்திரத்தில் மாமனார் கையெழுத்தைத் தானே போட்டாள். அவள் அகப்படக் கூடாதென்று விஜிலா பனிமய மாதாவுக்கு மெழுகுதிரி நேர்ந்தாள். செபமாலையை மட்டும் விளம்பரம் ஓடும்போதே சொல்லி முடித்துவிடுவாள்.

கவனித்தீர்களா? உமாராணி ஒரு படி இறங்கும்போதெல்லாம் வக்கீலும் கூடவே இறங்கி, அங்கே ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்துகொள்கிறார்.

போன வாரம் உமாராணி மாமியாரின் பாலில் தூக்க மாத்திரை கலந்தாள்.

"ஏளா, இதுக்குமா வக்காலத்து?" என்றேன்.

"தூங்கட்டுமேக்கா. கெழவிக்கும் நல்லது, இவளுக்கும் நல்லது."

மறுநாள் சாயங்காலம் விஜிலா கையில் மாத்திரை அட்டையோடு வந்து நின்றாள்.

"யக்கா, மாமிக்கு ராத்திரி போடுற தூக்க மாத்திரைய இப்பமே குடுத்தா என்ன? ஒண்ணு கூட்டிக் குடுப்போம். நாடகம் நடக்கையில கூப்பிட்டுக்கிட்டே கெடக்காவ."

"மூச்சு நின்னுரும்" என்றேன்.

ஆக்னஸ் அம்மாள் கண்ணைத் திறந்தாள். "ஏளா விஜிலா, நாடகத்துல அந்த மாமியா முழிச்சாளா, இல்லியா?"

விஜிலா கையிலிருந்த அட்டையை வாங்கி என் கைப்பையில் போட்டேன். இப்போது ராத்திரி மாத்திரையை நான்தான் கொடுத்துவிட்டுக் கிளம்புகிறேன்.

உங்களுக்கு விஜிலாமேல் கோபமா? ரொம்ப இருக்காது. புருஷன் பக்கத்தில் இல்லை, நாள் முழுக்க ஒண்டியாக நோயாளியோடு கிடக்கிறாள், அரை மணி நேரம் நிம்மதியாக நாடகம் பார்க்க விடவில்லை என்றால் அவளும் என்னதான் செய்வாள்?

நீங்களும் அதையே சொல்லிவிட்டீர்கள், இல்லையா?

சரி. உங்கள் வீட்டு மாத்திரை எங்கே இருக்கிறது? என் பையில் இன்னும் இடமிருக்கிறது.